எல்லைக்கோட்டிற்கு வெளியே: பழைய கூலிம் மாவட்ட மன்றமும் நம் தோட்டங்களும்

(ஆடித் திருவிழாவின் ஐந்தாம் நாள் மாலை ஆலய மண்டபத்தில் ஆற்றப்பெற்ற உரையின் எழுத்து வடிவம்)



தீபாராதனை முடிந்து அன்னதானம் தொடங்குவதற்கு முன்னுள்ள சிறு இடைவேளையில் ஒருவரைப் பேச அழைப்பது நம் ஆலயத்தின் வழக்கம். சாம்பார் மணம் மண்டபத்திற்குள் வந்துவிட்ட பிறகு நீட்டிப் பேசுவது அறமன்று என்பதை அறிவேன். ஆயினும் தலைவர் அவர்கள் எனக்குக் கொடுத்த தலைப்பு சற்று நீளமானது. கூலிம் வட்டாரத்தின் பழைய ஊராட்சி வரலாற்றைச் சொல்லுங்கள் என்றார். அரசாங்க ஊழியன் என்பதால் எனக்கு அது தெரிந்திருக்கும் என்று எண்ணினார் போலும். எனக்குத் தெரிந்ததில் பாதி அலுவலகத்தில் கற்றது. மறுபாதி லயத்தில் கற்றது.

கெடா வரலாறு பேச வந்தவர்கள் கடாரம் கொண்ட இராசேந்திர சோழனிலிருந்து தொடங்குவது மரபு. 1025ஆம் ஆண்டுக் கடற்படையெடுப்பைச் சொல்லி, பூஜாங் பள்ளத்தாக்கின் கோயில்களைச் சொல்லி, நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு அமர்வோம். அதில் தவறில்லை. ஆனால் சோழனுடைய கப்பலில் என் பாட்டனார் வரவில்லை. அவர் கங்காணியோடு வந்தார். ஆகவே நான் தோட்டத்துக் கேட்டிலிருந்து தொடங்குகிறேன்.

தென் கெடாவில் ஒரு கித்தாத் தோட்டத்தில் பிறந்தவன் நான். தோட்டத்தின் பெயரைச் சொல்லப்போவதில்லை. காரணம் பின்னர் விளங்கும். 1986ஆம் ஆண்டு தோட்டத் தமிழ்ப்பள்ளியில் முதலாம் வகுப்பில் சேர்ந்தேன். அந்த ஆண்டு ஆசிரியர் எங்களைத் தத்தம் முகவரியை எழுதச் சொன்னார். பட்டணத்திலிருந்து வந்து படித்த ஒரு மாணவன் மட்டும் வீட்டு எண், சாலைப் பெயர், அஞ்சல் எண் எல்லாம் எழுதினான். நாங்கள் முப்பது பேரும் ஒரே முகவரியை எழுதினோம்: தோட்டத்தின் பெயர், இரண்டாம் டிவிஷன், அவ்வளவுதான். எங்கள் கடிதங்களெல்லாம் தோட்ட அலுவலகத்திற்கு வரும். கிராணி அவற்றைப் பிரித்து, காலைப் பெரட்டில் கங்காணியிடம் கொடுத்தனுப்புவார். முப்பது பிள்ளைகளுக்கு ஒரே முகவரி என்பது அன்று எனக்கு வேடிக்கையாக இருந்தது. எங்கள் வீடுகளுக்கு ஏன் எண் இல்லை என்ற கேள்விக்கு விடை தேடப் போய்த்தான் இந்த வரலாற்றிற்குள் நுழைந்தேன்.

ஒரு வீட்டிற்கு எண் கொடுப்பவர் யார்? ஊராட்சி மன்றம். சாலைக்குப் பெயர் வைப்பவர், தெருவிளக்குப் போடுபவர், குப்பை அள்ளுபவர், கால்வாய் வெட்டுபவர், சந்தை கட்டுபவர், இடுகாட்டிற்கு இடம் ஒதுக்குபவர் எல்லாம் அந்த மன்றமே. நாடாளுமன்றத்தை நாம் ஐந்தாண்டுக்கு ஒருமுறை நினைக்கிறோம். ஊராட்சி மன்றத்தின் வேலையோ ஒவ்வொரு நாள் காலையிலும் வாசலில் தெரிகிறது. ஆனால் தோட்டத்து வாசலில் அது தெரியவில்லை. பட்டணத்துக் குப்பை லாரி எங்கள் தோட்டப் பெயர்ப் பலகை வரைக்கும் வந்து திரும்பிப் போவதை, பேருந்துக்குக் காத்திருந்த நாட்களில் நான் பார்த்திருக்கிறேன். ஓட்டுநர் மேல் குற்றமில்லை. பலகைக்கு இந்தப் பக்கம் தனியார் நிலம்.

'தனியார் நிலம்' என்ற இந்த இரண்டு சொற்களைத் தயவுசெய்து நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். இன்றைய பேச்சு முழுவதும் இவற்றைச் சுற்றியே வரும்.

கூலிம் வட்டாரம் முதலில் ஈயத்தாலும் மரவள்ளியாலும் வளர்ந்தது. காராங்கான் பக்கத்து ஈயச் சுரங்கங்களுக்குச் சீனர்கள் வந்தார்கள். அதற்குரிய முதலில் பெரும்பகுதி பினாங்கிலிருந்து வந்தது. எல்லைக்கு அந்தப் பக்கம், 1800ஆம் ஆண்டு கெடா சுல்தான் ஆங்கிலேயருக்கு விட்டுக்கொடுத்த செபராங் பிறையில், கரும்புத் தோட்டங்களில் நம்மவர்கள் ஒப்பந்தக் கூலிகளாக ஏற்கெனவே உழைத்துக் கொண்டிருந்தார்கள். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ரப்பர் விலை ஏறியதும் தோட்ட முதலாளிகள் எல்லை தாண்டிக் கெடா மண்ணில் காடழித்தனர். 1909ஆம் ஆண்டு சயாம் நாடு கெடாவின் மேலிருந்த தன் உரிமையைப் பாங்காக் உடன்படிக்கையின்படி பிரிட்டனுக்கு மாற்றிக் கொடுத்தது. ஜார்ஜ் மேக்ஸ்வெல் என்பவர் முதல் பிரிட்டிஷ் ஆலோசகராக அலோர் ஸ்டாருக்கு வந்தார். அதற்கடுத்த ஆண்டு, 1910இல், ஒப்பந்தக் கூலிமுறை நிறுத்தப்பட்டது. அதன் பிறகு வந்தவர்கள் கங்காணி முறையில் வந்தவர்கள். என் பாட்டனாரும் அவர்களுள் ஒருவர்.

அன்றைய கெடாவின் நிர்வாக அமைப்பைச் சற்று விளக்க வேண்டும். மாநிலம் மாவட்டங்களாகவும், மாவட்டம் மூக்கிம்களாகவும் பிரிக்கப்பட்டிருந்தது. கூலிம் மாவட்டத்து மூக்கிம்களின் பெயர்களைக் கேட்டாலே நம் உறவினர்கள் நினைவிற்கு வருவார்கள்: பாகான் சேனா, பாடாங் மேஹா, சீடாம் கானான், நாகா லிலிட், சுங்கை உலார், மாஹாங், செடிம், லூனாஸ். ஒவ்வொரு மூக்கிமுக்கும் ஒரு பெங்குலு. கம்பத்து மக்கள் நிலத் தகராறு என்றால் பெங்குலுவிடம் போவார்கள். பட்டணங்களுக்குச் சுகாதார வாரியங்கள் இருந்தன. கடைத்தெருவின் கால்வாய், இறைச்சிக் கூடம், கழிவகற்றல் ஆகியவற்றை அவை கவனித்தன. ஆகக் கம்பத்திற்கு ஒரு வாசல் இருந்தது, பட்டணத்திற்கு ஒரு வாசல் இருந்தது. இரண்டிற்கும் நடுவே ஆயிரக்கணக்கான ஏக்கரில் கிடந்த தோட்டத்திற்கு எந்த வாசலும் இல்லை.

அங்கே துரைதான் ஊராட்சி. லயம் கட்டுவதும், வெள்ளையடிப்பதும், கிணறு தோண்டுவதும், கால்வாயில் மருந்தடிப்பதும், மருந்தகத்தில் டிரஸ்ஸரை வைப்பதும், ஆயாக்கொட்டகைக்குப் பால்மாவு வாங்குவதும் அவர் கையில். பள்ளிக்கூடம் அவர் கையில், கள்ளுக்கடையும் அவர் கையில். தொழிலாளர் சட்டங்கள் சிலவற்றைக் கட்டாயமாக்கின; தொழிலிலாகா அதிகாரி எப்போதாவது வந்து பார்த்துப் போவார். அவர் வரும் நாளை முன்கூட்டியே அறிந்து லயத்தைக் கழுவி வைப்பார்கள் என்று என் பாட்டியார் சொல்லுவார். நல்ல துரைகளும் இருந்தார்கள். நான் யாரையும் தூற்ற வரவில்லை. ஆனால் நல்லவரோ கெட்டவரோ, அவரைத் தேர்ந்தெடுத்ததும் மாற்றியதும் இலண்டனில் இருந்த நிறுவனம். லயத்தில் இருந்தவன் எதையும் கேட்க முடிந்தது. உரிமையோடு கேட்க முடியவில்லை. கேட்டவனின் வேலை போனால் வீடும் அன்றே போகும், ஏனெனில் வீடு வேலையோடு கட்டப்பட்டிருந்தது.

போர்க்காலம் வந்தது. ஜப்பானியர் வந்தார்கள். நம் இளைஞர்களைச் சயாம் மரண இரயில் பாதைக்குப் பிடித்துச் சென்றார்கள். 1943 அக்டோபரில் கெடாவைத் தாய்லாந்திடம் ஒப்படைத்தார்கள். 1945இல் பிரிட்டிஷார் திரும்பினார்கள். சயாம், பிரிட்டன், ஜப்பான், தாய்லாந்து, மறுபடியும் பிரிட்டன் என்று ஒரே ஆயுளில் இத்தனை ஆட்சிகளைப் பார்த்த கிழவர்கள் நம் தோட்டங்களில் இருந்தார்கள். அவர்களுடைய லயத்து வீட்டிற்கு இந்த ஆட்சிகளில் ஒன்றும் எண் கொடுக்கவில்லை.

இங்கே ஓர் இடைச்செருகல். 1946ஆம் ஆண்டு பீடோங் அருகேயுள்ள ஹார்வர்ட் தோட்டத்தை மையமாகக் கொண்டு ஏ. எம். சாமி என்பவர் தொண்டர் படையை வளர்த்தார். அது கெடாவின் பல தோட்டங்களுக்குப் பரவியது. தொண்டர்கள் கள்ளுக்கடைகளின் முன் நின்று மறியல் செய்தார்கள். குடித்துவிட்டு மனைவியை அடித்தவனை நிறுத்தி விசாரித்தார்கள். 1947இன் தொடக்கத்தில் போலீசாருடன் மோதல் ஏற்பட்டது, படை ஒடுக்கப்பட்டது. வரலாற்று நூல்கள் இதைத் தொழிற்சங்க இயக்கத்தின் ஒரு பகுதியாகச் சொல்கின்றன. அது சரியே. ஆயினும் எனக்கு அதில் வேறொன்றும் தெரிகிறது. ஊராட்சியே இல்லாத இடத்தில் மக்கள் தாங்களாகவே ஓர் ஊராட்சியை அமைக்க முயன்றார்கள். லயத்தின் ஒழுங்கைத் தாங்களே பார்த்துக்கொள்வோம் என்றார்கள். அது சட்டத்திற்குள் அடங்காததாயிற்று, ஏனெனில் அடங்குவதற்கு அங்கே சட்டம் எதுவும் இருக்கவில்லை.

1948இல் அவசரகாலம் பிறந்தது. காட்டோரம் சிதறிக் கிடந்த மக்கள், பெரும்பாலும் சீனர்கள், முள்வேலிக்குள் குடியமர்த்தப்பட்டனர். நாடு முழுதும் ஏறத்தாழ 480 புதுக்கிராமங்கள் எழுந்தன. தோட்டத் தொழிலாளர்களும் அவ்வாறே சிதறிய லயங்களிலிருந்து ஓரிடத்திற்குக் கொண்டுவரப்பட்டு வேலிக்குள் அடைக்கப்பட்டனர். சோற்றை வேலிக்கு வெளியே எடுத்துச் செல்லத் தடை, கேட்டில் சோதனை. இதுவரை இரண்டு கதைகளும் ஒன்றுதான். இதற்குப் பின்தான் பிரிகின்றன. 1952ஆம் ஆண்டு உள்ளூர் மன்றங்கள் சட்டம் வந்தது. அதன்படி புதுக்கிராம மக்கள் தங்கள் மன்றத்தைத் தாங்களே தேர்ந்தெடுத்துச் சிறிய வரியை வசூலித்து, கால்வாயும் விளக்கும் போட்டுக்கொள்ள வழி பிறந்தது. வேலிக்குள் போன சீனக் குடியானவருக்கு அந்த வேலியே ஓர் ஊரின் எல்லையாயிற்று. வேலிக்குள் போன தோட்டத் தமிழருக்கு வேலி வேலியாகவே இருந்தது. அவருடைய வீடு இருந்தது தனியார் நிலம்.

அதே காலத்தில் அலோர் ஸ்டார், சுங்கைப் பட்டாணி, கூலிம் ஆகிய மூன்று பட்டணங்களுக்கும் நகர மன்றங்கள் அமைந்து தேர்தல்கள் நடந்தன. கூலிம் கடைத்தெருவில் சலூன் வைத்திருந்தவர் வாக்களித்தார். அவரிடம் மாதம் ஒருமுறை முடிவெட்டிக்கொள்ள வந்த தோட்டத்துத் தொழிலாளி, தம் தோட்டம் எல்லைக்கோட்டிற்கு வெளியே இருந்ததால், வாக்களிக்கவில்லை. நாடாளுமன்றத் தேர்தலில் அவருக்கு வாக்குண்டு, குடியுரிமை கிடைத்திருந்தால். தம் வீட்டுக் கால்வாயைப் பற்றிச் சொல்ல வாக்கில்லை.

இந்தத் தேர்தல்களும் நீடிக்கவில்லை. இந்தோனேசியாவுடன் ஏற்பட்ட மோதலைக் காரணங்காட்டி 1965 மார்ச்சில் ஊராட்சித் தேர்தல்கள் ஒத்திவைக்கப்பட்டன. அவ்வாண்டே ஊராட்சி அமைப்புகளின் செயல்பாட்டை ஆராய அரச விசாரணை ஆணையம் ஒன்று அமைக்கப்பட்டது. அதன் தலைவர் யார் தெரியுமா? நம்மவர், செனட்டர் ஆதி நாகப்பன் அவர்கள். ஜான்சி ராணிப் படையில் பணியாற்றிய ஜானகி அம்மையாரின் கணவர் என்றால் தாய்மார்கள் உடனே அடையாளங் கண்டுகொள்வீர்கள். மேற்கு மலேசியாவில் அப்போது 370க்கும் மேற்பட்ட ஊராட்சி அமைப்புகள் சிறிதும் பெரிதுமாகச் சிதறிக் கிடந்தன. ஆணையம் ஊர் ஊராகச் சென்று சாட்சியம் கேட்டு, 1968 டிசம்பரில் அறிக்கையைச் சமர்ப்பித்தது. ஊராட்சி மன்றங்கள் மக்களால் தேர்ந்தெடுக்கப்பட வேண்டும் என்பது அதன் துணிவு. அரசாங்கம் அதனை ஏற்கவில்லை. 1976ஆம் ஆண்டு ஊராட்சிச் சட்டத்தின் 15ஆம் பிரிவு தேர்தல் முறைக்கு முற்றுப்புள்ளி வைத்தது. அந்த ஆண்டே ஆதி நாகப்பன் அவர்கள் காலமானார். அவருடைய அறிக்கையை நான் பணியில் சேர்ந்த பின்னர் ஒரு நூலகத்தில் உட்கார்ந்து படித்தேன். நம் இனத்தவர் ஒருவர் இந்நாட்டு நிர்வாகத்திற்குச் செய்த இத்தனை பெரிய பணியை நம் பள்ளிகளில் யாரும் சொல்லித் தரவில்லையே என்ற வருத்தம் அன்று ஏற்பட்டது. இன்றும் இருக்கிறது.

சரி, கூலிமுக்கு வருவோம். புதிய சட்டத்தின் கீழ்ச் சிறுசிறு மன்றங்கள் ஒன்றிணைக்கப்பட்டு மாவட்ட மன்றங்கள் உருவாயின. கூலிம் மாவட்ட மன்றமும் அவ்வாறு பிறந்ததே. அதற்கு ஒரு தலைவர். எட்டு முதல் இருபத்துநான்கு வரை உறுப்பினர்கள் இருக்கலாம். அனைவரையும் நியமிப்பது மாநில அரசு. நியமன உறுப்பினர்களில் நம்மவர் ஓரிருவர் இருந்தனர். அவர்கள் பெரும்பாலும் பட்டணத்தில் வாழ்ந்தவர்கள். தோட்டத்திற்குத் திருவிழாவன்று மாலை மரியாதைக்கு வருவார்கள். அவர்களையும் குறை சொல்ல மாட்டேன். லயத்துக் கூரை ஒழுகுகிறது என்று அவர்களிடம் சொன்னால், அது கம்பெனியின் பொறுப்பு என்றே அவர்களால் பதில் சொல்ல முடிந்தது. சட்டப்படி அது உண்மை. 1966இல் ஒரு சட்டமும் 1990இல் அதற்குப் பதிலாக வேறொரு சட்டமும் தொழிலாளர் குடியிருப்புக்குக் குறைந்தபட்சத் தரத்தை வகுத்தன. இரண்டிலும் பொறுப்பாளர் முதலாளியே. கிராம மேம்பாட்டுத் திட்டங்களோ கம்பங்களுக்கென்று வகுக்கப்பட்டவை. தோட்டம் கிராமப்புறத்தில்தான் கிடந்தது. ஆனால் கிராமம் என்ற கணக்கில் அது சேரவில்லை.

இந்த ஏற்பாட்டில் ஒரு பெரிய ஓட்டை இருந்தது. எல்லாப் பொறுப்பும் கம்பெனியுடையது என்றால், கம்பெனியே இல்லாமற் போனால் என்ன செய்வது?

சுதந்திரத்தை ஒட்டிய ஆண்டுகளிலேயே வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்கத் தொடங்கின. வாங்கியவர்கள் துண்டு துண்டாக்கி விற்றார்கள். தொழிலாளர்கள் கையில் ஒரு மாதச் சம்பளத்தோடு சாலையில் நின்றார்கள். அப்போது துன் சம்பந்தன் அவர்கள் 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார்கள். தொழிலாளர்களின் சிறுசிறு சேமிப்பைத் திரட்டி, 1961இல் அச்சங்கம் வாங்கிய முதல் தோட்டம் நம் கெடாவிலுள்ள புக்கிட் சீடிம். மலாயாவிலேயே முதன்முதலாகத் தோட்டத் தொழிலாளர்கள் பணம் போட்டு வாங்கிய தோட்டம் கெடா மண்ணில் இருக்கிறது என்பதை நம் பிள்ளைகளுக்குச் சொல்லிவைக்க வேண்டும். கடாரத்தைப் பற்றிச் சொல்லும்போது இதையும் சேர்த்துச் சொல்லலாம்.

எங்கள் தோட்டம் அவ்வளவு பேறு பெறவில்லை. 1997ஆம் ஆண்டு அது கைமாறியது. எனக்கு அப்போது வயது பதினெட்டு; தேர்வு முடிவுக்குக் காத்திருந்தேன். லயங்களை உடைக்கப் போகிறார்கள் என்பது முதலில் தெரிந்தது. கோயிலையும் எடுக்க வேண்டும் என்பது பிறகு தெரிந்தது. மாரியம்மன் கோயில். பால்வெட்டுக்காரர்களின் ஒருநாள் சம்பளத்தைப் பிடித்துப் பிடித்துக் கட்டியது. கோயில் தலைவர், ஓய்வுபெற்ற கங்காணி, ஒரு மாலை எங்கள் வீட்டிற்கு வந்தார். கையில் ஒரு தகரப் பெட்டி.

"தம்பி, நீ இடைநிலைப்பள்ளியில் மலாய் படித்த பிள்ளை. அரசாங்கத்துக்கு ஒரு கடிதம் எழுதிக் கொடு" என்றார்.

"தாத்தா, நிலத்துக்குப் பத்திரம் இருக்கிறதா?" என்று கேட்டேன்.

பெட்டியைத் திறந்து காட்டினார். பழைய துரை ஒருவர் கையொப்பமிட்ட மூன்று வரித் தட்டச்சுக் கடிதம். இந்த இடத்தில் கோயில் இருப்பதற்கு நிர்வாகத்திற்கு மறுப்பில்லை என்று அதில் இருந்தது. முப்பது ஆண்டுகளாக அதற்கு ஆண்டுதோறும் சந்தனம் தெளித்து வைத்திருந்தார்கள். கடிதம் மஞ்சளாகியிருந்தது, எது பழமை, எது சந்தனம் என்று தெரியவில்லை.

நான் எழுதினேன். அது நான் எழுதிய முதல் அரசாங்கக் கடிதம். ஓர் அலுவலகத்திற்கு எழுதினேன். எங்கள் அதிகாரத்திற்கு உட்பட்டதன்று என்று பதில் வந்தது. வேறோர் அலுவலகத்திற்கு எழுதினேன். தனியார் நிலம், உரிமையாளரிடம் பேசுங்கள் என்றார்கள். பழைய உரிமையாளர், நாங்கள் விற்றுவிட்டோம் என்றார். புதிய உரிமையாளர், வாங்கும்போது கோயில் இருப்பதாகப் பத்திரத்தில் இல்லை என்றார். நான்கு பதில்களும் மரியாதையாகத்தான் எழுதப்பட்டிருந்தன. ஐந்து மாதம் கழிந்தது. இறுதியில் கால்வாய் ஓரமாக ஒரு சிறு துண்டு இடம் கிடைத்தது. அம்மனை அங்கே கொண்டுபோய் வைத்தோம். கோயில் தலைவர் அடுத்த ஆடிக்கு இருக்கவில்லை.

பிற்காலத்தில் அரசாங்கப் பணியில் சேர்ந்து நிலச் சட்டத்தைப் படித்தபோதுதான், என் கடிதங்கள் எல்லாம் தவறான கேள்வியைக் கேட்டன என்பது விளங்கியது. எண்பது ஆண்டாக இங்கே வழிபடுகிறோம், ஆகவே எங்களுக்கு உரிமை உண்டு என்றே ஒவ்வொன்றிலும் எழுதியிருந்தேன். 1966 ஜனவரி முதல் நாள் நடைமுறைக்கு வந்த தேசிய நிலச் சட்டத்தின்படி, பிறர் பெயரில் பதிவான நிலத்தில் எத்தனை ஆண்டு இருந்தாலும் அது உரிமையாகாது. அரசாங்க நிலத்திலும் அப்படியே. இந்நாட்டில் நில உரிமை என்பது பதிவேட்டில் உள்ள பெயர். காலம் எவ்வளவு நீண்டாலும் அந்தப் பதிவேட்டில் எழுதாது. துரையின் கடிதம் அனுமதிதான். அனுமதி கொடுத்தவர் போனால் அதுவும் போகும். தோட்டம் கையில் இருந்தபோதே, நல்ல துரை இருந்தபோதே, கோயில் நிலத்தைப் பிரித்துத் தனிப் பட்டா வாங்கியிருக்க வேண்டும். அதைச் சொல்ல எங்களுக்கு ஆளில்லை. நம் தோட்டத் தமிழ்ப்பள்ளிகள் பல நெடுங்காலம் அரைகுறை உதவிபெற்றே நடந்ததற்கும் இதே நிலப் பிரச்சினைதான் காரணம்.

இந்த ஆபத்து நம் சிறு கோயில்களுக்கு மட்டுமே உரியது என்று எண்ண வேண்டாம். 2013ஆம் ஆண்டின் இறுதியில், பூஜாங் பள்ளத்தாக்கில் 11ஆம் எண் கொண்ட தொல்பொருள் கோயில் வீடமைப்புத் திட்டத்திற்காக இடிக்கப்பட்டது நாடறிந்த செய்தி. தொல்லியலாளர்கள் எண் கொடுத்து நூல்களில் பதிவுசெய்த இடம். அது இருந்ததும் தனியார் நிலம். ஆயிரம் ஆண்டுப் பழமை அதைக் காப்பாற்றவில்லை என்றால், நம் எண்பது ஆண்டு எம்மாத்திரம்!

கூலிம் மாவட்ட மன்றத்தின் கதையை முடித்துவிடுகிறேன். 1996இல் கூலிம் உயர்தொழில்நுட்பப் பூங்கா திறக்கப்பட்டது. இன்டெல் வந்தது, பின்னர் இன்ஃபினியன் வந்து, 2024 ஆகஸ்டில் மாபெரும் புதிய ஆலையையும் திறந்தது. மக்கள் பெருகினர், வரிப்பணம் பெருகியது. 2001இல் மாவட்ட மன்றம் நகராண்மைக் கழகமாகத் தரம் உயர்ந்தது. மாவட்ட மன்றம் என்ற பழைய பெயர் பலகைகளிலிருந்து மறைந்தது. இதில் என் சிந்தனையைத் தூண்டியது வேறொரு செய்தி. அந்தத் தொழிற்பூங்காவிற்கென்று தனியாகவே ஓர் ஊராட்சி அமைப்பை உருவாக்கினார்கள். ஒரே மாவட்டத்தில் நகராண்மைக் கழகம் ஒன்று, பூங்காவிற்கு மற்றொன்று. வேலி போட்ட ஒரு தொழிலிடத்திற்குத் தனி ஊராட்சி அமைப்பது இயலாத காரியமன்று என்பது இதனால் தெரிகிறது. நூறாண்டுக் காலம் நம் தோட்டங்களும் வேலி போட்ட தொழிலிடங்களாகத்தான் இருந்தன. அவற்றிற்கும் இப்படி ஒன்றைச் செய்யலாம் என்று யாருக்கும் தோன்றவில்லை. குறையாகச் சொல்லவில்லை, கோப்பில் எழுதிவைக்க வேண்டிய உண்மையாகச் சொல்கிறேன்.

இப்போது நம் ஆலயத்திற்கு வருகிறேன். இங்குள்ளோரில் பெரும்பாலோர் தோட்டம் விட்டு வந்து தாமானில் குடியேறியவர்கள். இன்று நம் வீடுகளுக்கு எண் இருக்கிறது. ஆண்டுக்கு இருமுறை மதிப்பீட்டு வரி கட்டுகிறோம், முணுமுணுத்துக்கொண்டே. அந்த வரிச் சீட்டைக் குப்பையில் போடாதீர்கள் என்பது என் வேண்டுகோள். என் தகப்பனார் நாற்பது ஆண்டு உழைத்தும் அப்படியொரு சீட்டு அவர் பெயரில் வரவில்லை. சீட்டு வைத்திருப்பவர் அந்த அலுவலக முகப்பில் போய் நின்று, என் தெருவிளக்கு ஏன் எரியவில்லை என்று கேட்கலாம்.

ஆலயத்தைப் பொறுத்தவரை செயலவையினர் கவனிக்க வேண்டியவை சில உண்டு. வழிபாட்டிற்கே பயன்படும், ஆதாய நோக்கற்ற இடத்திற்கு மதிப்பீட்டு வரியிலிருந்து விலக்களிக்க 1976ஆம் ஆண்டுச் சட்டத்தின் 134ஆம் பிரிவு மாநில அரசுக்கு அதிகாரம் தருகிறது. அது தானாக வராது; விண்ணப்பிக்க வேண்டும். திருமண மண்டபத்தை வாடகைக்கு விட்டால் நிலைமை வேறு. அடுத்து, கோபுரத் திருப்பணிக்கு முன் கட்டட வரைபடத்திற்கு ஒப்புதல் பெறுங்கள். கும்பாபிஷேக நாளைக் குறித்துவிட்டு வரைபடத்தைத் தேடுவது நம்மவர் வழக்கமாகிவிட்டது. ஐயரின் பஞ்சாங்கம் மன்றத்தின் கட்டடப் பிரிவைக் கட்டுப்படுத்தாது. எல்லாவற்றிற்கும் மேலாக, ஆலயம் நிற்கும் மனை யார் பெயரில் பதிவாகியுள்ளது என்பதை ஆண்டுக்கொருமுறை நில அலுவலகத்தில் தேடுதல் செய்து, அந்தத் தாளைப் பொதுக்கூட்டத்தில் வாசியுங்கள். கணக்கறிக்கையோடு அதுவும் ஓர் அறிக்கையாக இருக்கட்டும். தலைவர் அவர்கள் தலையசைக்கிறார்கள். அதையே வாக்குறுதியாக எடுத்துக்கொள்கிறேன்.

கடைசியாக ஒரு வேலை இருக்கிறது. இந்த வட்டாரத்துத் தோட்டங்களின் பழைய டிவிஷன்கள், லயங்கள், கோயில்கள், இடுகாடுகள் எங்கெங்கே இருந்தன என்று ஒரு வரைபடம் தயாரித்துக் கொண்டிருக்கிறேன். லயங்கள் இருந்த இடம் இன்று செம்பனை, அல்லது வீடமைப்பு, அல்லது தொழிற்சாலை. இடுகாடுகள் சில புதருக்குள் இருக்கின்றன. அவற்றில் நம் பாட்டன் பாட்டிமார் இருக்கிறார்கள். அரசாங்க வரைபடத்தில் இவை இல்லை, ஏனெனில் முன்னர்ச் சொன்ன அந்த இரண்டு சொற்கள். வரைபடத்தின் பெரிய படி ஒன்றை அன்னதானக் கூடத்தின் வடபுறச் சுவரில் ஒட்டியிருக்கிறோம். பக்கத்தில் சிவப்புப் பென்சில்கள் கட்டித் தொங்குகின்றன. சாப்பிட்டு முடித்ததும் எழுபது வயதைக் கடந்த பெரியவர்கள் அருள்கூர்ந்து அங்கே வரவேண்டும். எழுதத் தெரியாதவர்கள் விரலால் காட்டினால் போதும், இளைஞர் பகுதியினர் குறித்துக்கொள்வார்கள். கிணறு எங்கே இருந்தது, பெரட்டுக்களம் எங்கே இருந்தது, மாரியம்மன் எந்தப் பக்கம் பார்த்திருந்தாள் என்று சொல்லுங்கள்.

சாதம் ஆறுகிறது என்று சமையற்கட்டிலிருந்து சைகை வருகிறது.